குப்புறப் போட்ட கல்

சாராள் அத்தை முதலில் கல்லை எறிவாள். எறிபட்டது ஆடா ஆளா என்று பிறகுதான் பார்ப்பாள். பூந்தமல்லி டிரங்க் ரோட்டை ஒட்டி, எங்கள் தெருமுனையில் இருந்த துரைமார் கல்லறைக்கு அவள்தான் காவல். காவல் என்றால் எல்லா வேலையும்தான். கேட்டைத் திறப்பது, முள் வெட்டுவது, சீட்டாட வருகிறவர்களை விரட்டுவது, வருஷத்துக்கு ஒருமுறை சுண்ணாம்பு அடிப்பது. இடுப்பில் சாவிக்கொத்து, கையில் அரிவாள், வாயில் வசவு. நான் அவளுடைய நாத்தனார் மகள். அவள் புருஷன் உத்தமன் என்னுடைய தாய்மாமன். அவரைப் பற்றிய கதை என்றும் இதைச் சொல்லலாம். ஆனால் கதை தொடங்கும்போதே அவர் செத்துப்போயிருந்தார்.

இதை எழுதலாமா என்று ரொம்ப நாளாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். நான் இப்போது இருப்பது இங்கிலாந்தில், லெஸ்டரில். இங்கே யார் தமிழ் படிக்கப்போகிறார்கள் என்று ஒரு மனம் சொல்கிறது. யாராவது படித்து, அவர் போய் யாரிடமாவது சொல்லி, சொல்லக் கேட்டவர்கள் விமானம் ஏறிவிட்டால் என்று இன்னொரு மனம் அடித்துக்கொள்கிறது. அதனால் இந்தக் கதையில் வருகிற வெள்ளைக்காரரின் பெயரை மாற்றிவிட்டேன். ஹார்லண்ட் என்று வைத்துக்கொள்வோம்.

பூந்தமல்லியில் வெள்ளைக்காரர்களுடைய பாசறை இருந்தது. கப்பலில் வந்து இறங்கிய சோல்ஜர்களை, இந்த வெயிலுக்குப் பழகட்டும் என்று முதலில் இங்கே கொண்டுவந்து வைப்பார்களாம். சிலர் பழகினார்கள். மற்றவர்கள் எந்தச் சண்டையையும் பார்க்காமல் வாந்திபேதியில் போனார்கள். அவர்களுக்கும், அவர்களுடைய மனைவிமாருக்கும், பெயர் வைத்த கையோடு செத்த குழந்தைகளுக்குமாக ஊரின் மேய்ச்சல் நிலத்தை வளைத்து, செங்கல் சுவர் எழுப்பிக் கல்லறை ஆக்கினார்கள். குழி வெட்ட எங்கள் ஆட்களைக் கொண்டுவந்து குடிசை போட்டுக் கொடுத்தார்கள். வெள்ளைக்காரன் நமக்கு வேலை கொடுத்தான், படிப்பு கொடுத்தான், ரயில் கொடுத்தான் என்று நான் படித்த இங்கிலீஷ் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தார்கள். குழி வெட்டுகிறவன் செத்தால் எந்தக் குழி கொடுத்தான் என்பது அந்தப் பாடத்தில் இல்லை.

சுவருக்கு வெளியே, ரோட்டோரப் பள்ளத்தை ஒட்டி ஒரு துண்டு நிலம். எங்களுக்கு அதுதான். சுவருக்கு உள்ளே வெள்ளைக்காரனுக்கு மட்டும். மாமாவின் அப்பா, தாத்தா, அதற்கு முந்திய எல்லாரும் அந்தப் பள்ளத்தோரம் கிடந்தார்கள். மழை பெய்தால் லாரி தெளித்த சேறு அவர்கள்மேல் விழும்.

வெள்ளைக்காரன் போனான். கல்லறை ஒரு கமிட்டியின் கைக்கு வந்தது. கமிட்டியில் எல்லாரும் நம் ஆட்கள், நம் நிறம், ஞாயிற்றுக்கிழமை நம் பாட்டையே பாடுகிறவர்கள். ஆனாலும் சுவர் இருந்தது, சட்டமும் இருந்தது. உள்ளே யாரையும் புதைத்து எத்தனையோ வருஷம் ஆகிவிட்டது, பாதி இடம் காலியாகக் கிடந்தது, எருக்கஞ்செடி முளைத்தது. எருக்குக்கு உள்ளே இடம் உண்டு, எங்களுக்கு இல்லை. ஊர்ச் சர்ச்சுக்குத் தனிக் கல்லறை இருந்தது. அங்கே போய்க் கேட்டால், "உங்களுக்குத்தான் அங்க தனியா இருக்கே" என்பார்கள், மரியாதையாக. சாதியை அதன் பெயர் சொல்லாமல் சொல்வதற்கு அந்த மரியாதை போதும்.

1986-ல் மாமா மஞ்சள் காமாலையில் செத்தார். அவரையும் பள்ளத்தோரம்தான் வைத்தோம். லுங்கிக்கு மேல் எப்போதும் கட்டியிருந்த பச்சை பெல்ட்டை அத்தை அவர் இடுப்பில் கட்டிவிட்டாள். "இது இல்லாம மேல போனா அந்தாளு நடக்க மாட்டான், இடுப்பு நிக்காது" என்றாள். அழவில்லை. மறுநாள் சாவிக்கொத்தை எடுத்துத் தன் இடுப்பில் செருகிக்கொண்டாள்.

எங்கள் தெருவில் ஒரு வழக்கம் உண்டு. அதைச் சொல்லிவிட்டால் மற்றது விளங்கும். பல வீடுகளில் பின்பக்கம் துணி துவைக்கிற கல், ஆள் படுக்கிற நீளத்துக்கு வழவழவென்று இருக்கும் கருங்கல் பலகை. எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்பதில்லை, கேட்கத் தேவையில்லை. தாத்தன் காலத்தில், சுவர் சரிந்த ஒரு மழையில், கல்லறைக்குள் போய்ப் பெயர்த்துக்கொண்டு வந்தது. ஆனால் ஒரு கட்டுப்பாடு: எழுத்து வெட்டிய பக்கம் மண்ணுக்குள் போக வேண்டும். எழுத்து மேலே தெரிந்தால் அந்தப் பேருக்கு உரியவன் தன் கல்லைத் தேடிக்கொண்டு வீட்டுக்குள் வந்துவிடுவான். கல்லைக் குப்புறப் போட்டால் அவனும் குப்புறப் படுத்துக் கிடப்பான், தொந்தரவு இருக்காது.

அத்தைக்கு இந்தக் கற்கள் என்றால் ஆகாது. "பொணத்து மேல துணி தொவைக்கிற ஜனங்க" என்று தெருவையே திட்டுவாள். அவள் வீட்டுப் பின்பக்கமும் அப்படி ஒரு கல் கிடந்தது. அது மட்டும் வேறு என்பாள். "எங்க மாமனார் பல்லாவரம் போயி, மாட்டு வண்டி கட்டிகினு, துட்டு குட்த்து வாங்கியாந்தாரு."

பக்கத்து வீட்டு வரலட்சுமி சும்மா இருக்கமாட்டாள். "ஆமாங்க்கா, வண்டிக்கு முன்னாடி மேளம்கூட அட்ச்சிகினு வந்தாங்களாமே?"

"உன் ஊட்டுக் கல்லு மாதிரி திருட்டுக் கல்லு இல்லடி, மேளம் அடிக்காம கொண்டார."

இப்படிப் பேசிப் பேசி இரண்டு பேருக்கும் பேச்சே நின்று போயிருந்தது.

1991 தொடக்கத்தில் ரோட்டை அகலப்படுத்த அளந்தார்கள். கல்லறைச் சுவர் பழைய சின்னம், அதைத் தொடக் கூடாது என்று கமிட்டி எங்கெங்கோ பேசிக் காப்பாற்றிவிட்டது. சுவருக்கு வெளியே இருந்த துண்டு நிலம் ரோட்டுக்குப் போகிறது. அளக்க வந்தவர் டேப்பை மாமாவின் தலைமாட்டில் வைத்து இழுத்தார். "இங்க சமாதி இருக்குதுங்க" என்றேன். "எங்க பிளான்ல அப்படி ஒண்ணும் இல்லையேம்மா" என்று காலால் மண்ணைத் தட்டிப் பார்த்தார். அத்தை அரிவாளோடு வந்ததும் டேப்பைச் சுருட்டிக்கொண்டு போனார். ஆனால் சுண்ணாம்புக் கோடு போட்டாயிற்று.

கமிட்டியின் செக்ரட்டரி சத்தியராஜ், ஐயப்பன்தாங்கலில் பஸ் டிப்போவுக்குப் பின்னால் புது வீடு கட்டியிருந்தார். ஏதோ பழைய வெள்ளைக்காரக் கம்பெனியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். நானும் அத்தையும் போனோம். வாசல் கிரில்லைத் திறக்காமல், உள்ளே நின்றபடியே பேசினார்.

"ஐயா, ரோடு வருது. எங்காளுங்கள்லாம் வெளிய கீறாங்க. உள்ள ஒரு ஓரமா எட்த்து வெச்சிக்கிறோம். எடம் சும்மாதான் கீது."

"அது முடியாதும்மா சாராள். அது யூரோப்பியன் செமட்ரி. ரூல் இருக்கு."

"யாரு போட்ட ரூலு?"

"அந்தக் காலத்துலயே போட்டது."

"போட்டவன் எங்க?"

சத்தியராஜுக்குப் புரியவில்லை.

"உள்ளதான படுத்துகினு கீறான்? எந்திரிச்சி வந்து என்னாண்ட கேக்கச் சொல்லு. நான் பேசிக்கிறேன்."

"சாராள், அந்த இடத்துக்குன்னு ஒரு மரியாதை இருக்கு. நாளைக்கு ஃபாரின்லேர்ந்து யாராவது வந்து பார்த்தா நம்மள என்ன நினைப்பாங்க?"

"அது கெடக்கட்டும். நீ செத்தா உன்ன எங்கய்யா வெப்பாங்க? உள்ளயா, வெளியயா?"

அவருக்கும் உள்ளே இடம் கிடையாது. இத்தனை வருஷம் அந்தச் சுவரைக் காத்த மனிதருக்கு அது அப்போதுதான் உறைத்ததோ என்னவோ, முகம் கறுத்துவிட்டது. "அதிகப் பிரசங்கித்தனம் பண்ணாதே. வேலை வேணும்னா வேலையப் பாரு" என்று உள்ளே போய்விட்டார்.

பஸ்ஸில் திரும்பினோம். கரையான்சாவடி தாண்டியதும் அத்தை சொன்னாள்: "ரோடு போட்டாங்கன்னா லாரி மாமா மேல ஏறும்டி. தெனமும் ஏறும்." அது ஒன்றுதான் அவளுக்கு. இடம், மானம், சரித்திரம் என்று நாம் பேசுகிறதெல்லாம் அவளுக்கு இல்லை. புருஷன் மேல் லாரி ஏறக் கூடாது.

குருத்தோலை ஞாயிறு அன்று காலையில், கமிட்டிக்காரர்களும் தெருவில் பாதியும் ஓலையைப் பிடித்துக்கொண்டு சர்ச்சில் நிற்கையில், அத்தையும் முனியனும் மண்வெட்டியை எடுத்தார்கள். முனியன், மாமாவின் சித்தப்பா மகன். அவர்கள் கிளை கிறிஸ்தவ வேதத்துக்கு மாறவில்லை. ஆனால் குழி வெட்டுவது ஒரே குழிதான். ஒளிந்து செய்யத் தேவையே இல்லை. கல்லறையில் குழி வெட்டுகிறவனை யார் நிறுத்திக் கேட்பார்கள்? ரோட்டில் போனவர்கள் பார்த்துக்கொண்டே போனார்கள்.

பச்சை பெல்ட்டின் கொக்கி அப்படியே இருந்தது. அதை வைத்துத்தான் இன்னார் என்று தெரிந்தது. அத்தை புது வேட்டியை விரித்தாள். மற்ற பெரியவர்கள் மண்ணோடு மண்ணாகியிருந்தார்கள். ஆளுக்கு இரண்டு கை மண் அள்ளிக்கொண்டாள்.

உள்ளே, கிழக்குச் சுவரோரம் ஒரு வேப்பமரம். அதன் அடியில் செங்கல் கட்டு மட்டும் இருந்தது, மேலே கல் இல்லை. எப்போதோ யாரோ பெயர்த்துக்கொண்டு போயிருந்தார்கள். அங்கே வெட்டினார்கள். களிமண்தான் வந்தது, வேறொன்றும் இல்லை.

"அண்ணி, அடியில எவனாச்சும் தொரை இருப்பான்" என்றான் முனியன்.

"இருக்கட்டும். இத்தினி வருசம் அவன் மேல, நாம கீழ. இப்ப அவன் கீழ, எங்காளு மேல. மண்ணப் போடு."

செங்கல்லை முன்பு இருந்தபடியே அடுக்கி, மேலே சருகைத் தள்ளிவிட்டார்கள். அத்தை முழந்தாளிட்டு ஜெபம் செய்தாள். முனியன் ஒரு பீடி பற்றவைத்து, இரண்டு இழுப்பு இழுத்துவிட்டுச் செங்கல் மேல் வைத்தான். மாமாவுக்குப் பிடித்த பீடி.

அந்த டிசம்பரில் ஹார்லண்ட் வந்தார்.

வயதானவர், கூட அவர் மனைவி. சத்தியராஜ் கோட்டுப் போட்டுக்கொண்டு காரிலிருந்து இறங்கினார். ஹார்லண்டின் பாட்டனுக்குப் பாட்டன் ஒரு கேப்டன், பூந்தமல்லியில் செத்தவர். அவர் கல்லறையை ஹார்லண்டின் தாத்தா ஒருமுறை வந்து பார்த்திருக்கிறார். கிழக்குச் சுவர், மரத்தடி என்று குடும்பத்தில் சொல்லி வந்திருக்கிறார்கள். ஹார்லண்ட் நேராக வேப்பமரத்தடிக்குப் போனார். செங்கல் கட்டைப் பார்த்தார். தொப்பியைக் கழற்றினார். அந்த அம்மாள் கையிலிருந்த ரோஜாவைக் குனிந்து வைத்தாள்.

அத்தை கேட்டருகே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். "எங்காளு மேல பூ வெக்கிறான் பாரு, பேமானி."

ஹார்லண்ட் திரும்பினார். "என்ன சொல்கிறாள்?" என்று இங்கிலீஷில் கேட்டார்.

"உங்களை வரவேற்கிறாள்" என்றார் சத்தியராஜ்.

ஹார்லண்ட் அத்தையைப் பார்த்துக் கைகூப்பினார். கெட்ட மனிதர் என்று சொல்லமாட்டேன், கண் கலங்கியிருந்தது. எங்கள் ஊரில் ஒரு கேப்டனைப் புதைத்துவிட்டு, நாலு தலைமுறை கழித்து வந்து, அவர் கல்லைக் காணவில்லையே என்று கலங்க ஒருவரால் முடிகிறது. எங்கள் ஆட்களைக் காணவில்லை என்று கலங்க நாங்கள் எந்த ஊருக்கு விமானம் ஏறுவது? அன்று எனக்கு அதுதான் தோன்றியது. இன்றும் அதுதான் தோன்றுகிறது.

பிறகு அவர் சொன்னதைச் சத்தியராஜ் தமிழில் சொன்னார்: கல் களவு போயிருக்கிறது. ஆகவே வியாழக்கிழமை ஆள் வைத்துத் தோண்டி, எலும்பு இருந்தால் பெட்டியில் வைத்து, கான்கிரீட் அஸ்திவாரம் போட்டு, புதுக் கல் வைக்கப் போகிறார்கள்.

அத்தை என்னைப் பார்த்தாள். தோண்டினால் கேப்டனுக்கு முன்னால் பச்சை பெல்ட் கொக்கி வரும். மாமாவைத் தூக்கி வெளியே போடுவார்கள். வெளியே போட இப்போது பள்ளம்கூட இல்லை, ஜல்லி கொட்டியாயிற்று.

"தோண்டறதா?" என்றாள். "இன்னாத்துக்குத் தோண்டணும்? பழைய கல்லு கீதுங்க."

கல் எங்கே இருக்கிறது என்று அவளுக்குத் தெரியாது. தெரியாது என்பது எனக்குத் தெரியும்.

"எங்க இருக்கு?" என்றார் சத்தியராஜ்.

"கீது. பத்திரமா கீது. வியாயக்கெயம காலைல கொண்டாந்து வெச்சிடறேன். அது வந்துட்டா தோண்ட வாணாம் இல்ல?"

சத்தியராஜ் மொழிபெயர்த்தார். ஹார்லண்டின் முகம் மலர்ந்துவிட்டது. அசல் கல்லா? அப்படியானால் எதற்குத் தோண்ட வேண்டும், செங்கல் மேலே வைத்தால் போதும் என்றார். கிளம்பும்போது சத்தியராஜ் தாழ்ந்த குரலில் சொன்னார்: "கல் வரலேன்னா வேலையும் இல்ல, குடிசையும் இல்ல. ஞாபகம் வெச்சுக்கோ."

கல் தெருவில்தான் இருக்க வேண்டும். எந்த வீட்டில்? அத்தனையும் குப்புறக் கிடக்கின்றன. வாழ்நாளெல்லாம் திருடர்கள் என்று திட்டிய வீடுகளின் வாசலில் அத்தை போய் நின்றாள். முதலில் வரலட்சுமி வீடு. நான் ஆபீசுக்கு லீவு போட்டுவிட்டுக் கூடப் போனேன். எழுத்தைப் படிக்க ஆள் வேண்டுமே.

"இன்னாக்கா, ஏது இந்தப் பக்கம்? பொணத்து மேல தொவைக்கிற ஊடு இது" என்றாள் வரலட்சுமி, கையிலிருந்த துணியைப் பிழிந்துகொண்டே.

"கல்ல ஒருக்கா பெரட்டணும்."

"பெரட்டினா தொரை வந்துடுவானே?"

"வந்தா நான் கூட்டிகினு போறேன். எனக்குப் பயக்கம்தான்."

வரலட்சுமி சிரித்துவிட்டாள். ஆனால் விடவில்லை. "எதுக்குன்னு சொல்லு. சொன்னாத்தான் கல்லு."

அத்தை பொய் சொல்லக்கூடியவள். அன்று சொல்லவில்லை. "உத்தமன உள்ள வெச்சிகீறேன். கல்லு கெடைக்கலன்னா தோண்டிடுவானுங்க."

வரலட்சுமி துணியைக் கொடியில் போடாமல் தோளில் போட்டுக்கொண்டாள். தெருவைப் பார்த்துக் கத்தினாள்: "ஏய், கடப்பார கொண்டாங்கடா!"

முனியனும் தெரு ஆட்களும் அவள் கல்லைப் புரட்டினார்கள். அடியிலிருந்து மண்புழு நெளிந்தது. நான் மண்ணைத் துடைத்துப் படித்தேன். ஒரு சார்ஜெண்டின் பெண் குழந்தை. பிறந்து சில மாதத்தில் போயிருக்கிறது.

"இன்னா எய்திகீது?" என்றாள் வரலட்சுமி. சொன்னேன். "ஐயோ, கொயந்தையா?" என்றாள். அந்தக் கல்லில்தான் தன் பிள்ளைகளின் மூத்திரத் துணியெல்லாம் துவைத்திருக்கிறாள். கொஞ்ச நேரம் நின்று பார்த்துவிட்டு, "படுக்கப் போடுங்கப்பா, பாவம்" என்றாள். குப்புறத் திருப்பிப் போட்டார்கள்.

வீடு வீடாகப் போனோம். சோப்புத் தண்ணீரில் வழுக்கி முனியன் விழுந்தான். பத்தொன்பது வயதில் செத்த ஒரு மனைவி. பேரே இல்லாமல் பட்டாளத்தின் பேர் மட்டும் போட்ட ஒன்று. கேப்டன் இல்லை. இருட்டப் போகிறது. மறுநாள் வியாழன்.

"இன்னும் ஒரு ஊடு பாக்கி கீதே" என்றாள் வரலட்சுமி.

"எந்த ஊடு?"

"பல்லாவரத்து ஊடு."

அத்தைக்குக் கோபம் வந்ததைப் பார்க்க வேண்டும். "அது காசு குட்த்து வாங்கின கல்லு!" என்று கத்தினாள். யாரும் கேட்கவில்லை. தெருவே அவள் பின்பக்கம் நுழைந்துவிட்டது. கடப்பாரை போட்டு நெம்பினார்கள். நான் மண்டியிட்டுத் துடைத்தேன். முதல் வரியிலேயே ஹார்லண்ட்.

நான் படித்துச் சொன்னதும் தெரு சிரித்த சிரிப்பு டிரங்க் ரோடு வரை கேட்டிருக்கும். "மாட்டு வண்டி எங்கக்கா? மேளம் எங்க?" என்று வரலட்சுமி வயிற்றைப் பிடித்துக்கொண்டாள். அத்தை கல்லையே பார்த்துக்கொண்டு நின்றாள். மாமனார் சொன்னதை இத்தனை வருஷம் வேதவாக்காக நம்பி, அதை வைத்தே ஊரைத் திட்டியிருக்கிறாள். பிறகு நிமிர்ந்தாள்.

"எங்க மாமனார் திருடினாலும் கேப்டன் கல்லாப் பாத்துத்தான்டி திருடிகீறாரு. உங்கள மாதிரி கொயந்த கல்லையா?"

காலையில் மூங்கிலில் கயிறு கட்டிக் கல்லைத் தூக்கிப் போனார்கள், பிணம் தூக்குகிற மாதிரி. செங்கல் கட்டின் மேல், எழுத்து மேலே தெரிய வைத்தார்கள். ஹார்லண்ட் எழுத்துகளை விரலால் தடவினார். மண்ணுக்குள் இருந்ததால் நேற்று வெட்டியது போல் இருந்தன.

"இவள் குடும்பம் தலைமுறை தலைமுறையாகப் பாதுகாத்து வந்திருக்கிறது" என்று சத்தியராஜ் இங்கிலீஷில் அளந்துவிட்டார்.

"இன்னா சொல்றாரு?" என்று அத்தை என்னைக் கேட்டாள். சொன்னேன். "ஆமா, தெனம் தண்ணி ஊத்தித்தான் வெச்சிருந்தோம்" என்றாள்.

ஹார்லண்ட் அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார். அவர் திரும்பியதும் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டாள்.

அடுத்த வருஷம் ரோடு வந்தது. பள்ளத்தோரம் தார் ஊற்றினார்கள். லாரிகள் ஏறின. மாமா மேல் ஏறவில்லை. அவள் கேட்டது கிடைத்துவிட்டது. ஆனாலும் அவள் வேப்பமரத்தடிக்குப் போவது குறைந்துவிட்டது. "போனா அவன் பேருதான் பல்ல இளிச்சிகினு நிக்குது" என்பாள். முன்பு பள்ளத்தோரம் கல்லும் இல்லாமல், பேரும் இல்லாமல் கிடந்தபோதுகூட அவர் உத்தமனாகத்தான் கிடந்தார்.

நவம்பர் இரண்டு, கல்லறைத் திருநாள் வந்தது. அத்தை செவ்வந்தியும் மெழுகுவத்தியும் சுண்ணாம்பு வாளியுமாக உள்ளே போனாள். கல்லைச் சுற்றிச் சுண்ணாம்பு அடித்து, பூவைப் பரப்பி, மெழுகுவத்தி ஏற்றி முழந்தாளிட்டிருந்தாள். முனியனும் நானும் கூட இருந்தோம். அப்போது சத்தியராஜ் நகரத்திலிருந்து கமிட்டிப் பெரியவர்கள் சிலரைக் கூட்டிக்கொண்டு வந்தார். மெழுகுவத்தியைப் பார்த்ததும் நின்றார். நெஞ்சில் கை வைத்துக்கொண்டார்.

"பார்த்தீங்களா? அவங்க போய் இத்தனை வருஷம் ஆச்சு. இன்னும் இந்த ஜனங்க அவங்களை மறக்கல. கேப்டனுக்கு மெழுகுவத்தி ஏத்தறா பாருங்க. இதுதான் விசுவாசம்."

பெரியவர்கள் தலையாட்டினார்கள். ஒருவர் கேமரா எடுத்தார்.

அத்தை எழுந்தாள். மெழுகுவத்தியை ஊதி அணைத்தாள். பூவை முந்தானையில் வாரிக்கொண்டாள். "முனியா, கடப்பாரையப் போடு."

"அண்ணி..."

"போடுடா."

அவர்கள் கண்ணெதிரே கல் புரண்டது. எழுத்து செங்கல்லுக்குள் போயிற்று. மேலே வந்தது துவைத்த பக்கம். நடுவில் ஒரு பள்ளம், தேய்ந்து தேய்ந்து, உள்ளங்கை மாதிரி வழவழத்த பள்ளம். மாமாவின் அம்மாவும், அவளுக்கு மாமியாரும், அத்தையும், என் அம்மாவும் கல்யாணத்துக்கு முன்னால், அடித்து அடித்துத் தேய்த்தது. மாமாவின் லுங்கியெல்லாம் அதில் வெளுத்ததுதான்.

"என்ன பண்ற! கேப்டன் பேரு எங்க?" என்று சத்தியராஜ் அலறினார்.

"கீழ கீது. அவரும் கீழதான் கீறாரு. இது எங்க ஊட்டுக் கல்லு. இதுக்கு அடியில கீறது எம் புருசன்."

சொல்லிவிட்டாள். அத்தனை நாள் மறைத்ததை, அவர்கள் எல்லாருக்கும் முன்னால். முனியன் கடப்பாரையை ஊன்றிக்கொண்டு பக்கத்தில் நின்றான். அத்தை சாவிக்கொத்தை உருவிச் சத்தியராஜின் காலடியில் எறிந்தாள். "தோண்டணுமா? தோண்டு. யாரு தோண்டுவா? நீ தோண்டுவியா?"

அவர்கள் ஆள் தேடினார்கள். முனியன் மாட்டேன் என்றான். தெருவில் ஒருவரும் மண்வெட்டி எடுக்கவில்லை. பட்டாபிராம் பக்கத்திலிருந்து கூலிக்கு இரண்டு பேரைக் கூட்டிவந்தார்கள். வரலட்சுமியும் மற்றப் பெண்களும் கேட்டில் நின்று பேசிய பேச்சில் அவர்கள் டீ குடித்துவிட்டு வருவதாகச் சொல்லிப் போனவர்கள்தான். சாவியை வாங்கிக்கொள்ளவும் யாரும் வரவில்லை. ஆடு புகுந்தது, சீட்டுக் கச்சேரி புகுந்தது, எருக்கு இடுப்பளவு வளர்ந்தது. ஃபாரினர் யாராவது வந்தால் என்ன நினைப்பார்கள் என்ற பயம் கமிட்டிக்கு எங்கள்மேல் இருந்த கோபத்தைவிடப் பெரிது. பொங்கலுக்கு முன்னால் சத்தியராஜ் ஸ்கூட்டரில் வந்து, சாவிக்கொத்தை அத்தையின் வாசலில் வைத்துவிட்டுப் போனார்.

அதன்பின் அந்தப் பக்கம் யாரும் தோண்டுகிற பேச்சை எடுக்கவில்லை. மழை பெய்தால் கல்லின் பள்ளத்தில் தண்ணீர் நிற்கும். ஆடு வந்து குடித்தால் அத்தை கல் எறிவாள். காக்கை குடித்தால் விட்டுவிடுவாள்.

நான் கல்யாணமாகி இங்கே வந்துவிட்டேன். அத்தை 1997-ல் செத்தபோது என்னால் போக முடியவில்லை. எங்கே வைத்தார்கள் என்ற கவலையில் வரலட்சுமி வீட்டுக்குப் பக்கத்துக் கடைக்குப் போன் போட்டுக் காத்திருந்தேன். மூச்சு வாங்க வந்து எடுத்தாள்.

"உள்ளதாம்மா வெச்சோம். உங்க மாமா பக்கத்துலயே. முனியன்தான் வெட்டினான். பட்டப்பகல்ல."

"செக்ரட்டரி ஒண்ணும் சொல்லலையா?"

"அவரு எங்க வந்தாரு? அவருக்கே மேலுக்கு முடியலயாம். எங்க வெப்பாங்களோன்னு அவரு கவலை அவருக்கு."

"மேலே கல்?"



"எங்கூட்டுக் கல்லுதான். கொயந்த கல்லு. குப்புறத்தான் போட்டோம், அத்தைக்கும் தொண தானே. இப்ப சிமெண்ட்ல தொவைக்கிறேம்மா, துணியெல்லாம் கியிஞ்சி போவுது. கஸ்மாலம், உசுரோட இருந்தப்ப அந்தக் கல்லுக்கு அந்தப் பேச்சு பேசினா. செத்ததும் அதையே தூக்கிகினு போயிட்டா பாரு."